பதிவு செய்யாத அந்த ஒப்பந்தம் குறித்து, மகளுக்கு

அன்பு மகளுக்கு,

அம்மா எழுதுவது. நேற்று இரவு நீ தொலைபேசியில் அழுத பிறகு எனக்கு உறக்கம் பிடிக்கவில்லை. தாம்பரத்துக்கு அப்பால் நீயும் மாப்பிள்ளையும் பேசி முடித்த அடுக்குமாடி வீட்டுக்கு, 62 லட்சத்தில் 38 லட்சம் ரூபாய் கொடுத்த பின்னும் வேலை நின்றிருக்கிறது என்பதைவிட, கிரைய ஒப்பந்தத்தைப் பதிவு செய்யவில்லை என்பதை இத்தனை நாள் என்னிடம் மறைத்தாயே, அதுதான் என்னை வாட்டியது. ஏன் என்று கேட்டதற்கு, "பதிவில்லாத ஒப்பந்தம் வெற்றுத்தாள் என்று நீதானே அம்மா சொல்வாய்" என்றாய். சார்பதிவாளர் அலுவலகத்தில் முப்பத்தொரு ஆண்டு இருந்த நான் உன்னிடமும், வந்தவர் போனவரிடமும் அப்படித்தான் சொன்னேன். இன்று அந்த பில்டரின் ஆளும் அதையே சொல்லி உன்னை மிரட்டுகிறான். ஆகவே நான் சொன்னதில் எது சரி, எது தவறு என்பதை எழுத்தில் வைத்துவிடுகிறேன்.

2012 டிசம்பர் 1 முதல் தமிழ்நாட்டில் கிரைய ஒப்பந்தத்தைக் கட்டாயம் பதிவு செய்ய வேண்டும் என்று பதிவுச் சட்டத்தின் 17-ஆம் பிரிவு திருத்தப்பட்டது. அன்றிலிருந்துதான் நாங்கள் 'வெற்றுத்தாள்' என்று சொல்லத் தொடங்கினோம். ஆனால் அதே சட்டத்தின் 49-ஆம் பிரிவுக்கு ஒரு காப்புரை, அதாவது விதிவிலக்கு, உண்டு. பதிவாகாத ஆவணமாக இருந்தாலும், 'ஏற்றதை ஆற்றுக' என்று, அதாவது ஒப்பந்தப்படி எழுதிக் கொடுக்கச் சொல்லிக் கோரும் வழக்கில், இப்படி ஓர் ஒப்பந்தம் இருந்தது என்பதற்குச் சான்றாக அதை நீதிமன்றம் ஏற்கலாம் என்கிறது அது. 17-ஐத் திருத்திய அரசு இந்தக் காப்புரையைத் தொடவில்லை. இதைச் சுட்டிக்காட்டித்தான், தமிழ்நாட்டிலிருந்து மேல்முறையீட்டுக்குப் போன ஒரு வழக்கில், 2013-இல் எழுதிய பதிவில்லாத ஒப்பந்தத்தைச் சான்றாக ஏற்கலாம் என்று 2023 ஏப்ரலில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. அதைப் படித்த அன்றே உன்னிடம் சொல்லியிருக்க வேண்டும். உனக்குத் தேவைப்படும் என்று அப்போது நினைக்கவில்லை.

அதற்காக எல்லாம் சரியாகிவிட்டது என்று நினைத்துவிடாதே. ஒப்பந்தம் என்பது, பதிவானாலும் ஆகாவிட்டாலும், எழுதிக் கொடுத்தவரைக் கேள்வி கேட்கும் உரிமையே தவிர வீட்டின் மீதான உரிமை அன்று; சொத்துரிமை மாற்றுச் சட்டத்தின் 54-ஆம் பிரிவு இதைத் தெளிவாகச் சொல்கிறது. பதிவாகாதது வில்லங்கச் சான்றில் ஏறாது. உங்கள் ஒப்பந்தம் இருப்பதே தெரியாமல், உரிய விலை கொடுத்து நல்லெண்ணத்தில் அதே வீட்டை வேறொருவர் கிரையம் பெற்றுவிட்டால், சட்டம் அவரைத்தான் காக்கும். உன் அப்பா இருபது ரூபாய் முத்திரைத்தாளை நம்பி முன்பணம் கொடுத்த மனை, நீ நான்காம் வகுப்பு படிக்கும்போது இப்படித்தான் கைவிட்டுப் போனது. விற்றவர் வேறொருவருக்குப் பதிவு செய்து கொடுத்துவிட்டார். வழக்குப் போடலாம் என்று நான் சொல்லச் சொல்ல, உன் அப்பா நாளை, மறுநாள் என்று தள்ளிவிட்டார். உங்களுக்கோ அடுக்குமாடி நிற்கும் நிலத்தில் உங்கள் பங்கான பிரிபடாத பாகம்கூட இன்னும் எழுதித் தரப்படவில்லை. இன்று காலை பதிவுத் துறை இணையதளத்தில் வில்லங்கம் பார்த்தேன்; உங்கள் வீட்டை யாருக்கும் எழுதிக் கொடுத்ததாகத் தெரியவில்லை. வாரம் ஒருமுறை பார்த்துக்கொண்டிருப்பேன்.

இனி, அந்த ஆள் உன்னிடம் சொல்லாமல் விட்டது ஒன்று உண்டு. 2016-ஆம் ஆண்டின் ரெரா எனப்படும் வீடு, மனை விற்பனை ஒழுங்குமுறைச் சட்டத்தின் 13-ஆம் பிரிவுப்படி, விற்பனை ஒப்பந்தம் எழுதிப் பதிவு செய்யாமல் வீட்டு விலையில் பத்து விழுக்காட்டுக்கு மேல் வாங்க பில்டருக்கு உரிமை இல்லை. உங்களிடம் 6 லட்சத்து 20 ஆயிரத்துக்கு மேல் ஒரு ரூபாய்கூட வாங்கியிருக்கக் கூடாது. 38 லட்சம் வாங்கியிருக்கிறார்கள். பதிவு செய்யாத குற்றம் அவர்களுடையது. அதையே கேடயமாக்க அவர்களை விடக் கூடாது. சொன்ன தேதியில் வீட்டை ஒப்படைக்காவிட்டால் 18-ஆம் பிரிவு உங்களுக்கு இரண்டு வழி தருகிறது: விலகிக்கொண்டு பணத்தை வட்டியோடு திரும்பக் கேட்கலாம், விலகாமல் இருந்து, ஒப்படைக்கும் வரை ஒவ்வொரு மாதத் தாமதத்துக்கும் வட்டி கேட்கலாம். பணத்தைத் திரும்பக் கேட்கும் உரிமை நிபந்தனையற்றது என்று 2021 நவம்பரில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. உத்தரவிட்ட தொகையைக் கட்டாவிட்டால் நிலவரிப் பாக்கியைப் போல வசூலிக்கவும் சட்டத்தில் இடம் உண்டு. ஆனால் உத்தரவு கிடைப்பது வேறு, பணம் கைக்கு வருவது வேறு என்பதை மனத்தில் வைத்துக்கொள். நான்காம் தளம் வரை கட்டி முடித்திருப்பதால், விலகாமல் வீட்டையே கேட்பதுதான் நல்லது என்பது என் எண்ணம். மாப்பிள்ளையோடு பேசி முடிவு செய்.

வட்டியில்லாமல் பத்துத் தவணையில் திருப்பித் தருகிறோம், ரத்துக் கடிதத்தில் கையெழுத்திட்டு அசல் ஒப்பந்தத்தைக் கொண்டு வாருங்கள் என்று அவர்கள் கேட்பதற்கு எக்காரணம் கொண்டும் இணங்காதே. அசல் இங்கே பீரோவில் உன் முகூர்த்தப் புடவைக்கு அடியில் இருக்கிறது. அது என் கையை விட்டுப் போகாது. மீதித் தொகையைக் கொடுக்க நாங்கள் தயாராக இருக்கிறோம், நீங்கள் வேலையை முடித்துப் பத்திரம் எழுதித் தாருங்கள் என்று இன்றே மின்னஞ்சல் அனுப்பு. ஒப்பந்தத்தை நிறைவேற்றக் கேட்பவர் தம் பங்கை ஆற்ற எப்போதும் தயாராக இருந்ததை மெய்ப்பிக்க வேண்டும் என்பதால் இந்த ஒரு வரி பின்னால் பெரிதும் உதவும். பத்திரம் முடிக்கக் குறித்த தேதி 2024 மார்ச் 31. ஏற்றதை ஆற்றக் கோரும் வழக்குக்குக் காலவரம்பு அந்தத் தேதியிலிருந்து மூன்றே ஆண்டு. நமக்கு முதல் வாசல் ரெரா ஆணையம்தான். அங்கே தீர்க்கக்கூடியதை உரிமையியல் நீதிமன்றத்துக்குக் கொண்டுபோக முடியாது. எந்த வாசலானாலும் அந்த மூன்று ஆண்டுக்குள் போய்விட வேண்டும் என்றே கணக்கு வைத்துக்கொள்வோம்.

நீ வேலையை விட்டு அபுதாபியிலிருந்து வர வேண்டியதில்லை. உன் சார்பில் நான் செயல்பட என் பெயருக்கு ஓர் அதிகார ஆவணம் (பவர்) எழுதி, அங்குள்ள இந்தியத் தூதரகத்தில் சான்றொப்பம் பெற்று அனுப்பு. இங்கு வந்து சேர்ந்த மூன்று மாதத்துக்குள் அதற்கு முத்திரைத் தீர்வை செலுத்த வேண்டும், அதை நான் பார்த்துக்கொள்கிறேன். பில்டருக்குப் பணம் போன ஒவ்வொரு தவணைக்கும் வங்கிக் கணக்கு அறிக்கையும், கொடுத்த ரசீதுகளும், வாட்ஸ்அப்பில் அவர்கள் அனுப்பிய செய்திகளும் வேண்டும், எதையும் அழித்துவிடாதே. வெள்ளிக்கிழமை வழக்கறிஞரைப் பார்க்கிறேன். அதற்குள் அறிக்கைகளை மட்டுமாவது அனுப்பிவிடு, கண்ணு.

அன்புடன்,
அம்மா