சோப்ரானோவுக்கு மாறு என்கிறார்களாமே

அன்பு மகளுக்கு,

கடிதம் கிடைத்தது. உச்ச ஸி (C) ஸ்வரம் சுத்தமாக விழுகிறது, இனி மெஸ்ஸோ என்ற நடுத்தரப் பெண்குரல் எதற்கு, எல்லாவற்றிலும் உயர்ந்த சோப்ரானோவுக்கு மாறிவிடு என்று அங்கே பாரிஸில் சொல்கிறார்களாமே. ஆம், இல்லை என்று ஒரு வரியில் நான் பதில் எழுதப்போவதில்லை. பத்தொன்பதாம் நூற்றாண்டு ஓபரா பாடகி போலீன் வியார்தோ தன் குரலை எங்கே சேமித்தார், எங்கே செலவழித்தார் என்ற கணக்கை எழுதுகிறேன். பார்த்துவிட்டு நீயே முடிவு செய்.

1821 ஜூலை 18-இல் பாரிஸில் பிறந்தவர். வீடே பாட்டுப் பட்டறை. அப்பா மானுவேல் கார்சியா ஸ்பெயின்காரர், டெனர், அதாவது உயர்ந்த ஆண்குரல் பாடகர். ரொஸ்ஸினி 1816-இல் ரோமில் அரங்கேற்றிய 'செவில் நகர நாவிதன்' ஓபராவில் அல்மாவிவா வேடம் அவருக்காகவே எழுதப்பட்டது. அண்ணன் பெயரும் மானுவேல்தான். 1854-இல் ஒரு சின்னக் கண்ணாடியைத் தொண்டைக்குள் வைத்து, வெயிலைத் திருப்பிவிட்டு, தன் குரல்நாண்கள் பாடும்போது அசைவதைத் தானே பார்த்தவர். இன்று உன் தொண்டையைப் பார்க்கும் மருத்துவர் கையில் இருப்பது அந்தக் கண்ணாடியின் வாரிசு. அக்கா மரியா மாலிப்ரான், 13 வயது மூத்தவர், ஐரோப்பாவே கொண்டாடிய பாடகி. குதிரையிலிருந்து விழுந்த காயத்தோடு மேடை ஏறிக்கொண்டிருந்து, 1836-இல் 28 வயதில் மான்செஸ்டரில் இறந்துபோனார்.

போலீனின் ஆசை பியானோவில்தான். பியானோ மேதை லிஸ்ட்டிடமே பாடம் கேட்டவர். இசையமைப்பை ரைஹா என்ற ஆசிரியரிடம் படித்தவர். நீ பாட்டுப் பக்கம் வா என்று திருப்பியவர் அம்மா. 1837-இல் பிரஸ்ஸல்ஸில் முதல் கச்சேரி. 1839 மே மாதம் லண்டனில் ரொஸ்ஸினியின் 'ஒத்தெல்லோ'வில் டெஸ்டிமோனாவாக முதல் ஓபரா மேடை. 18 வயதுகூட நிறையவில்லை. அது அக்காவின் புகழ்பெற்ற வேடம் என்பதைக் கவனி. இந்தக் குரலுக்கு எது பொருந்தும் என்ற கேள்விக்கு முன்னால், அக்கா விட்ட இடத்தை யார் நிரப்புவது என்ற கேள்வி வந்து நின்றுவிட்டது.

குரல் அழகான குரல் அல்ல. இசையமைப்பாளர் சான்-சான்ஸ் அதைப் பற்றி எழுதியபோது பட்டும் இல்லை, பளிங்கும் இல்லை, சற்றுக் கரகரப்பானது, கசப்பு ஆரஞ்சின் ருசி என்று யாரோ ஒப்பிட்டதை நினைவுகூர்ந்தார். நம் ஊர் ஆளாக இருந்தால் நார்த்தங்காய் என்றிருப்பார். ஆனால் வீச்சு பெரிது: ஆல்டோ என்ற ஆழமான பெண்குரலின் ஸ்வரங்களிலிருந்து சோப்ரானோவின் உச்சம் வரை. உன்னைப் போலவே அவராலும் மேலே தொட முடிந்தது. சிக்கல் அங்கேதான் தொடங்கியது.

ஒரு குரல் எந்த வகை என்பதை உச்ச ஸ்வரம் சொல்லாது. மூன்று மணி நேரம் எந்த உயரத்தில் களைக்காமல் உட்கார்ந்திருக்கிறது என்பதுதான் சொல்லும். மெஸ்ஸோவுக்கு மேல் மடிப்பு, அதாவது குரல் ஒரு நிலையிலிருந்து அடுத்த நிலைக்கு மாறும் இடம், நடு ஸிக்கு அடுத்த ஸ்தாயியின் இ, எஃப் பக்கம் வரும். சோப்ரானோவுக்கு அது கொஞ்சம் மேலே, எஃப் ஷார்ப் பக்கம். கேட்க அரைச் சுரம், ஒரு சுரம்தானே என்று இருக்கும். ஆனால் சோப்ரானோ வேடங்களில் வரிகள் அந்த இடத்திலேயே சுற்றிச் சுற்றி வரும். அந்த உயரம் சோப்ரானோவுக்கு வீட்டுக் கூடம் என்றால் உனக்கு வாசற்படி. ஒரு இரவில் படியை நானூறு தடவை தாண்டினால் எங்காவது தடுக்கும்.

தடுக்கும்போது என்ன நடக்கிறது தெரியுமா? முதலில் குரல்வளை மேலே ஏறும். அதை அமுக்க, அடிக்குரலின் கனத்தை மேலே இழுத்துக்கொண்டு போவாய். சத்தம் பெரிதாக இருப்பதால் எல்லோரும் கைதட்டுவார்கள். சில மாதத்தில் நடு ஸ்தாயியில் காற்று கலக்கும். மெதுவாக ஆரம்பிக்க வேண்டிய ஸ்வரம் ஒரு கணம் தாமதித்து ஒலிக்கும். பிறகு அதிர்வு அகன்று ஆட்டமாகிவிடும். முழுக் குரலில் உச்ச ஸி அப்போதும் விழலாம், அதனால் அதை நம்பி ஏமாறாதே.

நம் கச்சேரியில் பாடுகிறவர் தனக்குத் தோதான சுருதியை வைத்துக்கொள்வார். ஓபராவில் ஏட்டில் எழுதியதே சுருதி, அறுபது பேர் வாத்தியத்தோடு காத்திருப்பார்கள். வியார்தோ அங்கேயும் கூச்சப்படவில்லை. 1859-இல் டப்ளினில் வெர்தியின் 'மக்பெத்'தில் மக்பெத் சீமாட்டியாகப் பாடியபோது, இசைக்குழு நடத்துநர் ஆர்தித்திக்கு முன்கூட்டியே கடிதம் எழுதினார்: முதல் பாட்டை மைனர் மூன்றாம் இடைவெளி, அதாவது ஒன்றரைச் சுரம் இறக்குங்கள், தூக்கத்தில் நடக்கும் காட்சியை ஒரு முழுச் சுரம் இறக்குங்கள், இரண்டாம் அங்கத்தின் வேகப்பாட்டு வேண்டாம். வேடத்தை ஏற்றுக்கொண்டார், சுருதியை ஏற்றுக்கொள்ளவில்லை. இன்று பெரிய அரங்குகள் இதற்கு எளிதில் ஒப்புக்கொள்ளமாட்டா. அந்த வழியை நீ நம்பியிருக்க முடியாது என்பதால் வேடத்தை ஏற்கும்போதே கவனம் வேண்டும்.

அவர் குரலுக்கென்றே அமைந்தவை இரண்டு. முதலாவது 1849 ஏப்ரல் 16, பாரிஸ் ஓபராவில் மேயர்பேரின் 'தீர்க்கதரிசி'யில் ஃபிடெஸ் என்ற தாய் வேடம். காதலியாக அல்ல, ஒரு கிழத்தாயாக மேடையின் நடுவில் நின்றார். அதற்குப் பின் பிரெஞ்சு ஓபராவில் மெஸ்ஸோவுக்குக் கனமான வேடங்கள் எழுதுவது வழக்கமாயிற்று என்பது என் எண்ணம். இரண்டாவது 1859 நவம்பர் 18, தியாத்ர் லிரிக் அரங்கில் க்ளுக்கின் 'ஓர்ஃபே' ஓபராவில் ஓர்ஃபே வேடம். இதன் கதை சுருதியின் கதை. க்ளுக் 1762-இல் வியன்னாவில் இதை ஆல்டோ குரல் கொண்ட காஸ்த்ராத்தோ பாடகருக்கு, அதாவது சிறுவயதிலேயே காயடித்ததால் குரல் உடையாத ஆணுக்கு எழுதினார். 1774-இல் பாரிஸுக்காக உயர்ந்த டெனர் குரலுக்கு மாற்றினார். பிறகு பாரிஸின் சுருதி ஏறிக்கொண்டே போனது. 1858-இல் பாரிஸ் ஓபராவில் ஏ என்ற ஸ்வரம் 448 அதிர்வெண்ணைத் தொட்டுவிட்டது; மறு ஆண்டு அரசு தலையிட்டு 435 என்று சட்டம் போட்டது. டெனர்களுக்கு எட்டாமல் போன அந்த வேடத்தை, வியன்னா சுருதியையும் பாரிஸ் சொற்களையும் சேர்த்து வியார்தோவுக்காக இசையமைப்பாளர் பெர்லியோஸ் தைத்துக் கொடுத்தார். நூற்றுக்கும் மேற்பட்ட முறை பாடினார்.

இதே ஓபராவின் 'என் யூரிடிஸை இழந்தேன்' பாட்டை நீ இந்த ஆண்டு படிக்கிறாய் அல்லவா? அதன் பல்லவி மூன்று முறை வரும். வியார்தோ மூன்றையும் மூன்றாகப் பாடினார்: முதலில் அதிர்ச்சியில் உறைந்தது போல, அசைவில்லாமல், இரண்டாவது கண்ணீரில் அடைத்த மெல்லிய குரலில், மூன்றாவதில்தான் வெடித்தார். மாணவர்கள் முதல் தடவையே முழுக் குரலைக் கொட்டிவிட்டு மூன்றாவதில் கத்துகிறார்கள். முதலாவதில் பாதிக் குரலுக்கு மேல் கொடுக்காதே. அது மேஜர், அதாவது மகிழ்ச்சி தொனிக்கும் ஸ்வர அமைப்பில் வரும் பாட்டு, சோகத்தை ராகம் உனக்காகச் சுமக்காது. சொல்தான் சுமக்க வேண்டும்.

இனி செலவுக் கணக்கு. இந்த இரண்டோடு நின்றிருந்தால் போதும். ஆனால் நோர்மா வேடம் பாடினார். 1859-இல் மக்பெத் சீமாட்டி, 1860-இல் பீத்தோவனின் லியோனோர், 1861-இல் க்ளுக்கின் அல்செஸ்ட். பெரும்பாலும் அசல் சோப்ரானோ வேலை. பெர்லியோஸ் 'த்ரோயன்கள்' ஓபராவை எழுதும்போது அவரிடம் கலந்து பேசினார். 1859-இல் ஜெர்மனியின் பாடன்-பாடனில் அதன் பகுதிகளை வியார்தோவே பாடவும் செய்தார். 1863-இல் அது மேடையேறியபோது ராணி டிடோவின் வேடம் ஆன் ஷார்த்தோன்-தெமருக்குப் போயிற்று. அதே ஆண்டு வியார்தோ பாரிஸ் மேடையிலிருந்து விலகி பாடன்-பாடனில் குடியேறினார். 42 வயதுதான். ஒரு மெஸ்ஸோ பழுத்து நிற்க வேண்டிய வயது.

அதற்குப் பிறகும் 47 ஆண்டு வாழ்ந்தார், சும்மா இருக்கவில்லை. 1870-இல் ஜெனாவில் பிராம்ஸின் ஆல்டோ ராப்ஸடியை முதன்முதலாகப் பொதுமேடையில் பாடினார்; நடுவிலும் கீழேயும் நடக்கும் இசை, அது அவர் குரலில் கடைசிவரை நின்றது. ரஷ்ய எழுத்தாளர் துர்கனேவ் எழுதிய கதைகளுக்குச் சின்ன ஓபராக்கள் அமைத்தார். 1871 முதல் 1875 வரை பாரிஸ் கான்செர்வத்துவார் இசைக்கல்லூரியில் கற்பித்தார். சான்-சான்ஸ் தன் 'சாம்சனும் தலீலாவும்' ஓபராவின் தலீலாவை அவரை மனதில் வைத்துதான் எழுதினார். 1874-இல் ஒரு தனிவீட்டில், 53 வயதில், இரண்டாம் அங்கத்தைப் பாடிக் காட்டினார். 1877-இல் வைமரில் அரங்கேறியபோது பாடியவர் வேறொருவர். மூடிவைத்த அந்தப் பியானோதான் இத்தனைக்கும் சோறு போட்டது. நீ பியானோ வகுப்பை விடப்போவதாக எழுதியிருந்ததை நான் படிக்காதது போல் இருக்கிறேன்.

இப்போது நீ செய்ய வேண்டியது. ஆறு வாரம் பெயர்ப்பலகையை மாற்றாதே. ஒரு நாளில் ஒரு மணி நேரத்துக்கு மேல் முழுக் குரலில் பாடாதே. அதையும் இருபது இருபது நிமிடமாக மூன்றாகப் பிரி. சோப்ரானோ பாட்டு ஒன்றை முழுசாகப் பாடிய மறுநாள் காலை, 'ஊ' என்ற உயிரில், மிக மெதுவாக, மேல் இ-யிலிருந்து மேல் பி வரை ஏறிப் பார். ஒலி தாமதமில்லாமல் வந்தால் சரி. மத்தியானம் வரை காற்றாகவே வந்தால், இரண்டு நாள் தொடர்ந்து அப்படியிருந்தால், அந்தப் பாட்டு உன்னுடையது அல்ல. மூன்று வாரம் ஓய்வெடுத்தும் அப்படியே இருந்தால் ஆசிரியரிடம் அல்ல, தொண்டை மருத்துவரிடம் போ. இன்னொன்று, ஒத்திகை முடிந்து பத்து மணிக்குக் காரமாகச் சாப்பிட்டுவிட்டுப் படுக்காதே; எதுக்களிக்கும் அமிலம் குரல்நாணை வீங்கவைத்துவிடும், நீ குரல்வகையைக் குறை சொல்வாய்.

நம் ஊர்க் கடைகள் இருக்கும் லா ஷப்பேலுக்குச் சாமான் வாங்கப் போனால், அங்கிருந்து 2-ஆம் நம்பர் மெட்ரோவில் நான்காவது நிறுத்தம் பிளான்ஷ். அதன் பக்கத்தில்தான் அவர் குடியிருந்த ரூ தெ தூவே. கொஞ்சம் நடந்தால் மோன்மார்த்ர் கல்லறை, அவர் சமாதி அங்கே.

நீ பாடி அனுப்பும் அடுத்த ஒலிப்பதிவில் உச்ச ஸி வேண்டாம், அது எனக்குக் கேட்டாயிற்று. நடு ஸியிலிருந்து மேல் எஃப் வரை, மெதுவாக, ஏறியும் இறங்கியும் பாடி அனுப்பு. காலையில் பாடியதும் இரவில் பாடியதும் இரண்டும் வேண்டும்.

அன்புடன்,
அம்மா