மண்டபத்தின் சாவி யாரிடம் இருக்கிறது?

யாங்கோன், பிப்ரவரி 2020

மதிப்பிற்குரிய தலைவர் ஐயாவுக்கும் சங்க நிர்வாகக் குழுப் பெரியவர்களுக்கும் வணக்கம், அஸ்ஸலாமு அலைக்கும்.

ஜனவரி 29 மாலை நம் மண்டபத்தில் நடந்திருக்க வேண்டிய, வழக்கறிஞர் ஊ கோ நீ, டாக்ஸி ஓட்டுநர் நே வின் இருவரின் நினைவுக் கூட்டம் ஏன் நடக்கவில்லை என்பது உங்களுக்குத் தெரியும். முன்பணம் வாங்கி ரசீதும் எழுதிக் கொடுத்துவிட்டு, முதல் நாள் இரவு ஒன்பது மணிக்கு ஒரு பையனிடம் பணத்தைத் திருப்பி அனுப்பினீர்கள். "அரசியல் வேண்டாமாம்" என்றான். அவ்வளவுதான்.

செய்தி எல்லாருக்கும் எட்டவில்லை. மறுநாள் பூட்டிய கேட்டுக்கு வெளியே பதினொரு பேர் நின்றோம். மூவர் பர்மிய டாக்ஸி ஓட்டுநர்கள். அரை நாள் வருமானத்தை விட்டுவிட்டு வந்தவர்கள். ஒருவர் நே வினின் படத்தைச் சட்டம் போட்டு, பழைய கைலியில் சுற்றிக் கொண்டுவந்திருந்தார். வைக்க இடமில்லாமல் கடைசிவரை அதை மார்போடு அணைத்துக்கொண்டே நின்றார். உள்ளே யாரும் இல்லையா என்று கேட்டார். சாவி தொலைந்துவிட்டது என்று பொய் சொன்னேன். நம் மானத்தைக் காக்க எனக்கு வேறு வழி தெரியவில்லை.

2017-இல் அதே நாளில், ஜகார்த்தாவிலிருந்து திரும்பிய வழக்கறிஞர் ஊ கோ நீ, விமான நிலைய வாசலில் பேரனைத் தூக்கிக்கொண்டு நின்றபோது சுட்டுக் கொல்லப்பட்டார். சுட்டவனைத் துரத்தி ஓடிய நே வினும் குண்டுக்குப் பலியானார். கோ நீ அவருக்கு மாமனா மச்சானா? ஓடினார். நம்மால் ஒரு பூட்டைத் திறக்க முடியவில்லை.

கோ நீ செய்தது அரசியல்தான். நாடாளுமன்றத்தில் ராணுவத்துக்குக் கால் பங்கு இடம் எழுதிவைத்த 2008 அரசியலமைப்பை மாற்ற வேண்டும் என்றார். அந்த அரசியலமைப்பின்படி ஆங் சான் சூ கீ ஜனாதிபதியாக முடியாதபோது, அரசை வழிநடத்த அவருக்கு அரச ஆலோசகர் என்ற பதவிக்கு வழி கண்டவர் அவர். 2015 தேர்தலில் அவருடைய கட்சியே ஒரு முஸ்லிமைக்கூட நிறுத்தவில்லை. முஸ்லிமான அவர் அப்போதும் விலகவில்லை. மூதாதையரைப் பார்த்துக் குடியுரிமையைத் தரம் பிரிக்கும் 1982 குடியுரிமைச் சட்டத்தைத் திருத்தச் சொன்னார். தாத்தாவின் பழைய மூன்று மடிப்பு அடையாள அட்டையைத் தூக்கிக்கொண்டு அலுவலகம் அலுவலகமாக அலைகிற நம் பிள்ளைகளுக்கு இது வேண்டாத அரசியலா? நம்மை இழிவாகக் 'களா' என்று கூப்பிடுகிறவன், திருநீறா தொப்பியா என்று பார்த்தா கூப்பிடுகிறான்?

சென்ற தீபாவளிக்குப் பெரிய இடத்துக்காரர் ஒருவர் வந்தார். ஆளுயர மாலை, பிரியாணி, மின்சாரம் போனால் இருக்கட்டும் என்று இரண்டு ஜெனரேட்டர். அது அரசியல் இல்லை போலும், விருந்தோம்பல்.

கோபத்தில் எழுதிவிட்டேன், பொறுத்தருளுங்கள். சென்ற ஆண்டு பிப்ரவரியில், சுட்டவனுக்கும் உடந்தையாயிருந்த ஒருவனுக்கும் மரண தண்டனை விதித்தார்கள். சதிக்கு மூளை என்று தேடப்படும் முன்னாள் ராணுவ அதிகாரி இன்னும் அகப்படவில்லை. அவரைப் பிடித்துத் தாருங்கள் என்று உங்களிடம் கேட்கவில்லை, ஐயா. கேட்பது மண்டபம், இரண்டு மணி நேரம்.

மின்கட்டணத்தையும் துப்புரவுச் செலவையும் நாங்களே தருகிறோம். எந்த ஞாயிறு என்று மட்டும் தயவுசெய்து சொல்லுங்கள். நே வினின் படம் இப்போது என் வீட்டில் இருக்கிறது. சாவி கிடைத்ததும் தகவல் சொல்கிறேன் என்று அந்த ஓட்டுநரிடம் சொல்லியிருக்கிறேன்.

இப்படிக்கு,
தவறாமல் சந்தா கட்டும் உறுப்பினன்