போட்டி குறைந்தது, ரீசார்ஜ் விலை ஏறியது

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். செல்போன் கட்டணம் பற்றிப் பேச்சு வந்தாலே, 'இந்தியாவில் டேட்டா மலிவு' என்று சொல்லி முடித்துவிடுகிறார்கள். ரீசார்ஜ் கடை வைத்திருக்கும் என்னால் அதை அப்படியே ஏற்க முடியவில்லை.

2016 செப்டம்பரில் ஜியோ இலவசமாக வந்தபோது ஊரே கொண்டாடியது. அந்த விலைக்கு ஈடுகொடுக்க முடியாமல் மற்றவர்கள் ஒவ்வொருவராகக் கழன்றார்கள். டெலினாரும் டாடா டோகோமோவும் ஏர்டெல்லுக்குள் போயின. வோடபோனும் ஐடியாவும் ஒன்றாகி 'வி' ஆயின. தமிழ்நாட்டில் கொடிகட்டிப் பறந்த ஏர்செல், ஏற்கெனவே கடனில் தத்தளித்துக்கொண்டிருந்து, 2018 பிப்ரவரியில் திவால் மனு போட்டது. அந்த நாட்களில் கடை வாசலில் நின்ற கூட்டம் இன்னும் கண்ணில் நிற்கிறது. அதே நம்பரை வேறு கம்பெனிக்கு மாற்ற 'போர்ட்' மெசேஜ் அனுப்ப வேண்டும். அனுப்பச் சிக்னல் இல்லை. பேங்க், கேஸ் புக்கிங் எல்லாம் அந்த நம்பரில்தான். ஏர்செல்லுக்குக் கடன் கொடுத்த வங்கிகளில் ஸ்டேட் பேங்கும் உண்டு. அதில் போனது மக்கள் பணம்.

மிஞ்சிய தனியார் மூன்றே பேர். 2024 ஜூன் கடைசியில், இரண்டே நாளுக்குள் மூவரும் கட்டண உயர்வை அறிவித்தார்கள். ஏர்டெல், வி இரண்டிலும் 179 ரூபாய் பேக் 199 ஆனது. ஜியோவில் 155 ரூபாய் பேக் 189 ஆனது. இந்த பேக்குகளில் மாதம் என்பது 28 நாள் என்பதால் வருடத்துக்குப் 13 ரீசார்ஜ்.

இதில் அதிகம் அடிபடுவது கீபேட் போன் வைத்திருக்கும் வயதானவர்கள். வெளியூரில் இருக்கும் பிள்ளை கூப்பிட்டால் எடுத்துப் பேச மட்டும்தான் அவர்களுக்குப் போன். முன்பு பத்து ரூபாய் டாப்-அப் போட்டுப் பேசியவர்கள், இன்று தொடவே போகாத டேட்டாவுக்கும் சேர்த்துப் பணம் கட்டுகிறார்கள். டேட்டா இல்லாத பேக் கொடுத்தாக வேண்டும் என்று தொலைத்தொடர்பு ஒழுங்குமுறை ஆணையமான டிராய் 2024 டிசம்பரில் உத்தரவிட்டது நல்ல காரியம். ஆனால் வந்ததென்னவோ 84 நாளுக்கு நானூற்றைம்பது ரூபாய் வாக்கில். நூறு நாள் வேலைக்குப் போகும் அம்மா ஒரே தடவையில் அதை எடுத்து வைக்க முடியுமா?

விலையைச் சந்தையே தீர்மானிக்கட்டும் என்பது டிராய் நெடுங்காலமாகச் சொல்லிவரும் கொள்கை. பத்துப் பேர் மோதிய காலத்தில் அது சரி. மூன்று பேர் சேர்ந்தாற்போல் விலை ஏற்றும்போது அது யாருக்குச் சாதகம்?

பேசுவதற்கு மட்டுமான மாத பேக்குக்கு டிராய் உச்சவரம்பு வைக்க வேண்டும். அந்த விலை உயர்வின்போது பிஎஸ்என்எல்லுக்கு மாறிய பலர், வீட்டுக்குள் சிக்னல் கிடைக்காமல் திரும்பிவிட்டார்கள். கிராமங்களில் அதன் 4ஜி டவர்களைச் சரியாக இயங்க வைத்தாலே மற்ற மூவரும் விலையைக் கூட்ட யோசிப்பார்கள்.

இப்படிக்கு,
ரீசார்ஜ் கடைக்காரர்,
தேனி மாவட்டம்