எழுதியவருக்கும் ஓர் ஒப்பந்தம் வேண்டும்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். பெரிய நிறுவனங்களின் துணையின்றி எடுக்கப்படும் சுயாதீனத் திரைப்படங்கள் குறித்துத் தங்கள் நாளிதழில் வெளியான கட்டுரை, இயக்குநரையும் ஒளிப்பதிவாளரையும் விரிவாகப் பேசிவிட்டுத் திரைக்கதையாளரை ஒரே வரியில் கடந்துவிட்டது.

கையிலுள்ள பணத்துக்குள் படத்தை அடக்கும் வேலை எழுத்து மேசையிலேயே தொடங்கிவிடுகிறது. ஒரு பக்கம் திரையில் ஏறத்தாழ ஒரு நிமிடம் என்ற கணக்கில் நான் எழுதிய ஒரு திரைக்கதைப் பிரதியில், திருமணக் கூட்டத்தின் நடுவே வெடிக்கும் சண்டையை, மாடிப்படித் திருப்பத்தில் இருவர் குரல் தாழ்த்திப் பேசிக்கொள்வதாக மாற்றினேன். செலவும் குறைந்தது, காட்சியும் (நானே சொல்லக்கூடாது) கூர்மையானது. அந்தத் திருத்தத்துக்கும் அதற்கு முந்தைய ஆறு திருத்தங்களுக்கும் எனக்குக் கிடைத்தது, படம் விற்றதும் தருகிறோம் என்ற வாய்ச்சொல் மட்டுமே.

அமெரிக்காவில் திரைப்பட, தொலைக்காட்சி எழுத்தாளர் சங்கத்தினர் 2023இல் 148 நாட்கள் வேலைநிறுத்தம் செய்து பெற்ற உரிமைகள் பெரிய ஸ்டுடியோக்களைக் கட்டுப்படுத்தும். நண்பர்கள் சேர்ந்து எடுக்கும் சிறு படத்தில், அதுவும் எந்தச் சங்கத்திலும் சேராமல் எழுதுபவரை அவை எட்டுவதில்லை. நட்பின் பெயரால் காகிதம் தவிர்க்கப்படுவதுதான் இத்துறையின் பெரிய சிக்கல்.

எத்தனை திருத்தங்கள், திரையில் பெயர் எவ்வாறு வரும், குறித்த காலத்துக்குள் படம் தொடங்காவிட்டால் கதையின் உரிமை எப்போது எழுதியவரிடம் திரும்பும் என்பனவற்றை, முதல் வரைவுக்கு முன்பே தயாரிப்பாளர்கள் எழுத்தில் தரவேண்டும். அடுத்த கட்டுரையிலாவது தாங்கள் இதைப் பேசவேண்டுமெனக் கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
ஒரு திரைக்கதையாளர்