பாப்பாவுக்கு

அன்புள்ள பாப்பா,

இங்கே எல்லோரும் சுகம். பெரியப்பா வீட்டுக் கிரகப்பிரவேசம் நல்லபடியாக முடிந்தது. உனக்கு ஷூட்டிங் என்று சொல்லி வைத்தேன். சின்ன அத்தை நம்பவில்லை. வேளாவேளைக்குச் சாப்பிடு.

மேடையில் நீ பேசினதைப் பற்றி நான் எதுவும் கேட்கப்போவதில்லை. வெட்டி ஒட்டி ஊரெல்லாம் அனுப்புகிறார்கள், அப்பா போனுக்கும் வந்தது. அதை விடு. நான் சொல்ல வந்தது நீ எப்போதும் சொல்லிக்கொண்டிருந்த அந்த ஜப்பான் நடிகை, இயக்குநர் கினுயோ தனாகாவைப் பற்றி. இப்போதுதான் உட்கார்ந்து படித்தேன், படங்களும் பார்த்தேன்.

பதினாலு வயதில் ஷோசிகு ஸ்டூடியோவுக்கு நடிக்கப் போன பெண். ஜப்பானே கொண்டாடியது. 1949-இல் கிமோனோ கட்டிக்கொண்டு அமெரிக்காவுக்குக் கிளம்பினார். 1950 ஜனவரியில் திரும்பி வரும்போது மேல்நாட்டு உடுப்பு, கறுப்புக் கண்ணாடி. கூடியிருந்த ஜனங்களைப் பார்த்துக் கையால் முத்தம் வீசினார். அவ்வளவுதான், பத்திரிகைகள் கிழித்துத் தொங்கவிட்டன. போரில் தோற்ற நாடு, அமெரிக்கப் படை இன்னும் ஊருக்குள்ளேயே நிற்கிறது, அந்த ஆத்திரமெல்லாம் ஒரு பொம்பளை போட்ட கண்ணாடி மேல் இறங்கியது. நேற்றுவரை தலையில் வைத்து ஆடினவர்கள்தான். வீட்டுக்குள்ளேயே அடைந்து கிடந்திருக்கிறார். அப்போது என்னென்ன யோசித்தார் என்றும் போட்டிருந்தது. அதை நான் இங்கே எழுதமாட்டேன்.

ராத்திரி தனியாக இருக்காதே. அந்தத் தோழி இன்னும் உன்னோடுதானே தங்கியிருக்கிறாள்?

அந்தம்மா அதோடு ஒடுங்கிவிடவில்லை. நாற்பதைத் தாண்டின பிறகு, அத்தனை பெரிய நட்சத்திரம், 1953-இல் நருசே என்ற இயக்குநரின் படத்தில் உதவியாளராக நின்று தொழில் கற்றுக்கொண்டார். நீ பார்க்கிற அதே வேலை. உனக்கு இன்னும் முப்பதுகூட ஆகவில்லை, அதற்குள் முடிந்துபோன மாதிரி மெசேஜ் அனுப்புகிறாய். அந்த வருஷமே அவருடைய முதல் படம் வந்தது. ஷிபுயாவில் ஒரு சந்து. ஊருக்குத் திரும்பிப் போன அமெரிக்க சிப்பாய்களிடம் பணம் கேட்டு, பெண்களுக்காக இங்கிலீஷில் காதல் கடிதம் எழுதிக் கொடுக்கிற ஒருத்தன். அவன் தேடிக்கொண்டிருந்தவளே ஒரு நாள் கடிதம் எழுதக் கேட்டு அங்கே வருகிறாள். குரலைக் கேட்டதும் அவனுக்குத் தெரிந்துவிடுகிறது. எனக்குத் தொண்டை அடைத்துவிட்டது.

அடுத்த படத்துக்கு மிசோகுச்சி என்ற பெரிய இயக்குநர் குறுக்கே நின்றாராம். தன் படங்களில் அவரை நடிக்கவைத்துப் பேர் வாங்கின மனுஷன், இயக்குநர் சங்கத் தலைவர் வேறு! இன்னொரு இயக்குநர் ஓசுதான் திரைக்கதையும் கொடுத்துத் துணையும் நின்றார். உன் பக்கமும் யாராவது ஒருவர் நிற்பார், நீ ஆளைப் பார்த்துப் பேச வேண்டும். பேசாமல் இருந்தால் யாருக்குத் தெரியும்?

1955-இல் எடுத்த இன்னொன்று, மார்பில் புற்றுநோய் வந்த கவிஞர் கதை. ஃபுமிகோ நகாஜோ, முப்பத்தோரு வயதில் போய்ச் சேர்ந்தவர். அறுவை சிகிச்சைக்குப் பிறகு தோழி வீட்டில் குளிக்கிறாள். தோழி உள்ளே வர, மறைக்காமல் காட்டுகிறாள், சிரித்துக்கொண்டே. அப்பா எழுந்து போய்விட்டார். நான் நகரவில்லை. ஓர் ஆண் இதை இப்படி எடுத்திருக்கமாட்டான். இதைத்தான் நீ பிளஸ் டூ முடித்த வருஷம் எனக்குச் சொன்னாய், நான் குக்கர் விசிலை எண்ணிக்கொண்டிருந்தேன்.

ஆறே படம்தான் எடுத்தார், கடைசி 1962-இல். பிறகு நடிப்பு. 1975-இல் பெர்லினில் சிறந்த நடிகை. ஆறு போதும், ஒன்றாவது நீ எடு.

சாப்பிடு. பணம் போட்டிருக்கிறேன், அப்பாவுக்குத் தெரியவேண்டாம்.

அவர் எடுத்த அந்த 1961 படம் உன் ஹார்டு டிஸ்க்கில் பாதியில் நிற்கிறது. சீர்திருத்த விடுதியிலிருந்து வெளியே வந்த பெண் ரோஜாத் தோட்டத்தில் வேலை பார்க்கிறாள், அதற்கு மேல் ஓடவில்லை. அவள் கடைசியில் என்ன ஆகிறாள்? ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் அப்பா தூங்குவார், கூப்பிட்டுச் சொல்.

அம்மா