சர்க்கரை நோயாளியின் கண் சீட்டில் எந்தக் கண், எந்த நிலை என்று எழுதித் தாருங்கள்

ஆசிரியர் அவர்களுக்கு, வணக்கம்.

பாலக்காடு மாவட்டம் சித்தூர் வட்டத்தில் கொழிஞ்சாம்பாறை, வேலந்தாவளம், கோபாலபுரம் பகுதிகளில் வாழும் தமிழர்களில் பலர், சர்க்கரை மாத்திரையைக் கேரள அரசின் குடும்ப சுகாதார மையத்தில் வாங்கிக்கொண்டு, கண்ணுக்கென்று வரும்போது கோவைக்கோ பொள்ளாச்சிக்கோ பேருந்து ஏறுகிறவர்கள். அப்படிப் போய்த் திரும்புகிறவர்களின் கையில் இருக்கும் சீட்டில் பெரும்பாலும், சர்க்கரை நோயால் வரும் விழித்திரைப் பாதிப்பைக் குறிக்கும் ‘டி.ஆர்.’ என்ற இரண்டெழுத்தும், மறுபடி வர வேண்டிய மாதமும்தான் இருக்கின்றன. கோவையில் ஒரு நிறுவனத்தில் அமெரிக்க நோயாளிகளின் கண் மருத்துவ ஆவணங்களுக்குக் குறியீடு இடும் பணியை, அதாவது மருத்துவர் எழுதிய நோய் விவரத்தை எண் குறியீடாக மாற்றும் பணியைச் செய்துவரும் எனக்கு, என் ஊர்க்காரர்களின் சீட்டுகளைப் பார்க்கும்போது ஏற்படும் கவலையைத் தங்கள் நாளிதழ் வழியே மருத்துவர்களுக்கும் இரு மாநில அரசுகளுக்கும் தெரிவிக்க விரும்புகிறேன்.

அமெரிக்காவில் 2015 அக்டோபர் 1 முதல் நடைமுறையில் இருக்கும் ஐ.சி.டி.-10-சி.எம். என்ற நோய்க் குறியீட்டு முறையில், சர்க்கரை நோயால் வரும் விழித்திரைப் பாதிப்புக்கு ஒரே குறியீடு என்பது கிடையாது. ‘ஈ11’ என்றால் இரண்டாம் வகை சர்க்கரை நோய். புள்ளிக்குப் பின் வரும் 3 அது கண்ணைத் தாக்கியிருப்பதைக் காட்டும். அடுத்த இடத்தில் 2, 3, 4 ஆகியவை முறையே லேசான, மிதமான, கடுமையான பாதிப்பையும், 5 என்பது விழித்திரையில் புதிய ரத்தக் குழாய்கள் முளைத்துவிட்ட முற்றிய நிலையையும் குறிக்கும். அதற்கடுத்த இடத்தில் 1 வந்தால் விழித்திரையின் மையப் பகுதியான மாகுலாவில் வீக்கம் உண்டு, 9 வந்தால் இல்லை. முற்றிய நிலையில் மட்டும், விழித்திரை இழுபட்டுப் பிரிந்திருக்கிறதா என்பதைச் சொல்லும் வேறு எண்களும் அந்த இடத்தில் வரும். 2016 அக்டோபர் 1 முதல் ஏழாவது இடமும் சேர்ந்தது: வலது கண்ணுக்கு 1, இடது கண்ணுக்கு 2, இரண்டுக்கும் 3. வலது கண்ணில் வீக்கமில்லாத லேசான பாதிப்பும் இடது கண்ணில் வீக்கத்தோடு முற்றிய நிலையும் கொண்ட ஒருவருக்கு ஈ11.3291, ஈ11.3512 என்று இரண்டு குறியீடுகளை எழுத வேண்டும். இடது கண்ணில் ஊசி போட்டுவிட்டு நோய்க் குறியீட்டில் வலது கண் என்று இருந்தால் காப்பீட்டு நிறுவனம் பணம் தர மறுத்துவிடும்.

குறியீட்டாளருக்கு உள்ள கண்டிப்பான விதி, மருத்துவர் எழுதாததைத் தானாக ஊகித்து எழுதக் கூடாது என்பது. விழித்திரைப் படம் கோப்பிலேயே இருந்தாலும் அதைப் பார்த்து நிலையை நாங்கள் தீர்மானிக்க முடியாது. மருத்துவரிடம் விளக்கம் கேட்டு அனுப்ப வேண்டும், இல்லையேல் நிலை குறிப்பிடப்படாத ஈ11.319 என்ற குறியீட்டோடு நிறுத்திக்கொள்ள வேண்டும். ஆகவே அங்குள்ள மருத்துவர்கள் நிலை, வீக்கம், கண் ஆகிய மூன்றையும் ஒவ்வொரு முறையும் எழுதப் பழகிவிட்டார்கள். பணத்துக்காகத் தொடங்கிய பழக்கம்தான் என்றாலும் அதனால் நோயாளிக்கு விளையும் நன்மை மிகப் பெரியது. அடுத்த மருத்துவர் யாராக இருந்தாலும், ஆறு மாதத்துக்கு முன் லேசாக இருந்த பாதிப்பு இப்போது கடுமையாகியிருக்கிறதா என்பதைத் தாளைப் புரட்டியவுடன் அறிந்துகொள்கிறார்.

இந்த நோயில் அதுவே முக்கியம். விழித்திரையின் நுண்ணிய ரத்தக் குழாய்கள் பழுதடைந்து கசியத் தொடங்கும்போது நோயாளிக்குப் பார்வையில் எந்தக் குறையும் தெரிவதில்லை. குறை தெரிந்து வரும்போது பல நேரம் லேசரோ ஊசியோ இருக்கும் பார்வையைக் காக்கத்தான் உதவும், போனதை முழுமையாக மீட்டுத் தராது. இரண்டாம் வகை சர்க்கரை நோயாளிகள் நோய் கண்டறியப்பட்ட உடனும், பின்னர் ஆண்டுக்கு ஒரு முறையும் விழித்திரையைச் சோதிக்க வேண்டும் என்பதும் இதனால்தான். சென்ற ஆண்டு என்ன நிலை என்பது எழுதப்படாமல் போனால், இந்த ஆண்டுச் சோதனையை எதனோடு ஒப்பிடுவது?

நம் நாட்டு மருத்துவமனைப் பதிவுகள் பெரும்பாலும் சார்ந்திருக்கும் உலக சுகாதார நிறுவனத்தின் ஐ.சி.டி.-10 முறையில், இப்பாதிப்புக்கு ஈ11.3, எச்36.0 ஆகிய இரண்டும் சேர்த்து எழுதப்படுகின்றன. அவற்றில் நிலையும் தெரியாது, கண்ணும் தெரியாது. 2022 ஜனவரி 1 முதல் நடைமுறைக்கு வந்த ஐ.சி.டி.-11 முற்றிய நிலையைத் தனியே பிரிக்கிறது, எந்தக் கண் என்பதைக் கூடுதல் குறியீட்டால் இணைக்கவும் வழி செய்கிறது. இந்தியாவில் 40 வயதைக் கடந்த சர்க்கரை நோயாளிகளில் நூற்றுக்குச் சுமார் 12 பேருக்கு விழித்திரைப் பாதிப்பும், சுமார் 4 பேருக்குப் பார்வையைப் பறிக்கக்கூடிய நிலையும் இருப்பதாக 2022-இல் வெளியான ஸ்மார்ட் இந்தியா ஆய்வு கூறியது. அந்தக் கணக்கைத் தெரிந்துகொள்ளத் தனியாக ஓர் ஆய்வு நடத்த வேண்டியிருந்தது. அன்றாடச் சீட்டுகளில் நிலை பதிவாகியிருந்தால், சித்தூர் வட்டத்தில் உடனடியாக லேசர் தேவைப்படுகிறவர்கள் எத்தனை பேர், எந்த ஊரார் என்பதைச் சுகாதார மையமே எண்ணிச் சொல்லிவிடும்.

எல்லைப் பகுதியில் இக்குறை இரட்டிப்பாகிறது. குடும்ப சுகாதார மையங்களிலேயே விழித்திரையைப் படமெடுத்துத் தொலைவிலிருக்கும் கண் மருத்துவருக்கு அனுப்பும் ‘நயனாமிர்தம்’ திட்டத்தைக் கேரள அரசு தொடங்கியது. அது உண்மையிலேயே பாராட்டத்தக்க முயற்சி. ஆனால் எங்கள் மக்கள் சிகிச்சைக்கு எல்லை கடந்து போகும்போது அந்தப் படமும் முடிவும் அவர்களோடு போவதில்லை, கோவையில் போட்ட ஊசியின் விவரமும் திரும்பி வருவதில்லை. மலையாளத்தில் எழுதிய குறிப்பைத் தமிழ்நாட்டு மருத்துவர் படிக்க இயலாமல் போகலாம். ஏழு இடங்களில் எழுதிய எண்ணை இருவருமே படிக்கலாம்.

எனவே, எல்லையின் இருபுறமும் உள்ள கண் மருத்துவமனைகளும் சுகாதார மையங்களும் தங்கள் சீட்டில் நான்கு கட்டங்களை அச்சிட வேண்டுகிறேன்: சர்க்கரை நோயின் வகை, வலது கண்ணின் நிலை, இடது கண்ணின் நிலை, எந்தக் கண்ணில் மாகுலா வீக்கம். மருத்துவருக்கு இதை நிரப்ப அரை நிமிடம் போதும். பரிசோதனையில் அவர் இவற்றைப் பார்த்துத்தான் இருக்கிறார். குறியீடு இடுவதற்கு ஆள் இல்லை என்று யாரும் சொல்ல வேண்டியதில்லை. கோவையிலும் சென்னையிலும் எங்களைப் போன்றவர்கள் அமெரிக்கக் கண்களுக்காக இரவு பகலாக இந்த வேலையைத்தான் செய்துகொண்டிருக்கிறோம். மாவட்ட மருத்துவமனைகளில் பயிற்சி பெற்ற குறியீட்டாளர் பணியிடங்களை உருவாக்கினால் விண்ணப்பிக்க இங்கே பலர் உண்டு. அதுவரை, கண் சோதனைக்குச் செல்லும் வாசகர்கள் சீட்டை வாங்கும்போது, “எந்தக் கண், எந்த நிலை, வீக்கம் உண்டா என்று எழுதித் தாருங்கள்” என்று மருத்துவரிடம் கேட்டு வாங்கிக்கொள்ள வேண்டும்.

இப்படிக்கு,
மருத்துவக் குறியீட்டாளர் ஒருவர்,
கொழிஞ்சாம்பாறை, பாலக்காடு மாவட்டம்.