அந்தப் புள்ளித்தாளைத்தான் கேட்டேன்

மாகாணக் கல்வி நிர்வாகத்தில் அதிபர் நியமனங்களைத் தீர்மானிக்கும் ஐயாமாருக்கும் அம்மாமாருக்கும்,

வணக்கம். அதிபர் நேர்முகத்தின் புள்ளிகளைக் கேட்டுக் கோர்ட்டுக்குப் போன டீச்சர் நான்தான். "பள்ளிக்கூடத்து விஷயத்தைத் தெருவுக்குக் கொண்டுபோய்விட்டார்" என்று உங்களில் ஒருவர் சொன்னதாகக் கேள்விப்பட்டேன். அதற்கு முன்னால் உங்கள் கந்தோர் வாசலில் எத்தனை நாள் நின்றேன் என்பதையும் அவர் சேர்த்துச் சொல்லியிருக்கலாம்.

நான் போட்டிப் பரீட்சை எழுதி இலங்கை அதிபர் சேவை தரம் 3க்கு வந்தவள். அதிபர் வெற்றிடம் ஒன்றுக்கு விண்ணப்பித்து, நேர்முகப் பரீட்சைக்கும் போய்வந்தேன். முடிவு வரவேயில்லை. ஆனால் அடுத்த தவணை தொடங்கும்போது, அதிபர் சேவையில் இல்லாத, ஆசிரியர் சேவையில் உள்ள ஒருவர் 'கடமை நிறைவேற்று அதிபர்' என்று, அதாவது நிரந்தர நியமனமில்லாமல் அதிபர் வேலையைப் பார்ப்பவராக, அந்தக் கதிரையில் இருக்கிறார். அவர் மேல் எனக்குக் கோபமில்லை, கணக்கு நன்றாகப் படிப்பிக்கிற மனுஷன். நேர்முகத்தில் யாருக்கு எத்தனை புள்ளி, அந்த முடிவு எந்த லாச்சிக்குள் போனது என்பதுதான் என் கேள்வி.

மேன்முறையீடு அனுப்பினேன். தனிச் சிங்களத்தில் ஒரு வரி வந்தது, பரிசீலனையில் இருக்கிறதாம். தகவல் அறியும் சட்டம், 2016ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கம், 14 வேலை நாளுக்குள் தருவதா இல்லையா என்று தீர்மானிக்கச் சொல்கிறது. அந்தச் சட்டத்தின் கீழ் புள்ளித்தாளைக் கேட்டேன்; அதற்கும் பதிலே இல்லை. இதற்கிடையில் உச்ச நீதிமன்றத்தில் போடும் அடிப்படை உரிமை மனுவுக்கு அரசியலமைப்பு தரும் ஒரு மாதமும் ஓடிவிட்டது. உங்கள் மேசையில் மேன்முறையீடு கிடக்கிறது என்பதற்காக அந்தக் கணக்கு நிற்காது என்று சட்டத்தரணி சொன்னபோதுதான் எனக்கு விளங்கியது. (மனித உரிமைகள் ஆணைக்குழுவுக்கு அந்த மாதத்துக்குள்ளேயே முறைப்பாடு கொடுத்திருந்தால், விசாரணை நடக்கும் காலத்தைக் கழித்துவிடுவார்களாம். மற்ற டீச்சர்மார் இதைக் குறித்து வைத்துக்கொள்ளுங்கள்.)

சரி, மிச்சமிருந்தது கண்டி மாகாண மேல் நீதிமன்றத்தில் ரிட் மனு, அதாவது அதிகாரிகளின் முடிவைச் சட்டப்படி சரிபார்த்து உத்தரவிடச் சொல்லும் மனு. அதைப் போட்டேன். ஒவ்வொரு கோர்ட் தவணைக்கும் லீவு எழுதிக் கொடுத்துவிட்டு, ஹட்டனில் விடியற்காலை பஸ் பிடித்து, கினிகத்தேனை, நாவலப்பிட்டி, கம்பளை என்று வளைந்து வளைந்து போய் இறங்கினால், உங்கள் பக்கம் ஆவணம் தயாரில்லை என்று இன்னொரு திகதி. பிள்ளைகளுக்காவது வருஷத்துக்கு மூன்று தவணைதான்.

மலையகத்து ஆசிரியர்களுக்குப் பொறுமை அதிகம் என்று நினைத்துவிட்டீர்கள் போல. தோட்டப் பாடசாலைகளுக்கு எடுத்த ஆசிரிய உதவியாளர்கள் முதலில் மாதம் 6,000 ரூபாவுக்கும் பிறகு 10,000 ரூபாவுக்கும் வேலை செய்ததை நீங்களும் பார்த்தீர்கள்தானே. அவர்களிடமும் இதே 'பரிசீலனை'தான் சொன்னீர்கள்.

எனக்குக் கதிரையைத் தாருங்கள் என்று இந்த மடலில் கேட்கவில்லை. அடுத்த கோர்ட் தவணைக்கு அந்தப் புள்ளித்தாளை, கையெழுத்துகளோடு, கொண்டு வாருங்கள். அதில் எனக்குக் குறைவு என்றால் மனுவை அன்றைக்கே நான் வாபஸ் வாங்குகிறேன்.

இப்படிக்கு,
உங்கள் மாகாணத்து டீச்சர் ஒருத்தி